ஒரு கருவிக்குள் இன்னொரு கருவி: கைபேசியில் கேம் பாய் ஓடுவது எப்படி?



"ஆண்டு மலரில் கேம் பற்றி ஒரு கட்டுரையா? போச்சு, இனி அரியர் வைக்க வேற காரணமே வேண்டாம்!" என்று சிலர் முகம் சுளிக்கலாம். கொஞ்சம் பொறுங்கள். இதில் எந்த கேமை எப்படி ஜெயிப்பது என்று ஒரு வரிகூட இல்லை. மைக்ரோப்ராசஸர் பாடத்தில் நாம் மனப்பாடம் செய்து, பரீட்சை முடிந்த மறுநாளே மறந்துவிடுகிற சில விஷயங்கள் உயிரோடு நடமாடுவதைப் பார்க்க ஒரு நல்ல இடம் இருக்கிறது. அது நம்ம சட்டைப் பையிலேயே இருக்கிறது. அதைக் காட்டத்தான் இந்தக் கட்டுரை.

கேள்வி இதுதான். 1989-ல் ஜப்பானில் வந்த ஒரு சின்னக் கருவிக்காக எழுதிய ப்ரோகிராம், அந்தச் சிப்பே இல்லாத நம்ம கைபேசியில் எப்படி ஓடுகிறது?

எமுலேட்டர் என்றால் என்ன?

ஒரு கம்ப்யூட்டர், இன்னொரு கம்ப்யூட்டரைப் போல நடந்துகொள்ளும்படி செய்யும் ப்ரோகிராமுக்கு எமுலேட்டர் என்று பெயர். கேம் ஆடுபவர்கள் கண்டுபிடித்த சமாச்சாரம் இது என்று நினைக்க வேண்டாம். 1964-ல் ஐபிஎம் நிறுவனம் சிஸ்டம்/360 என்ற புதிய கம்ப்யூட்டர் வரிசையை அறிவித்தது. பழைய 1401 மெஷினில் சம்பளப் பட்டியலும் ஸ்டாக் கணக்கும் போட்டுக்கொண்டிருந்த கம்பெனிகளுக்கு ஒரு பயம்: "எங்க பழைய ப்ரோகிராம் எல்லாம் வீணாப் போயிடுமா?" அதற்குப் பதிலாகத்தான், புதிய மெஷினுக்குள்ளேயே பழைய 1401 போல நடிக்கும் வசதியை ஐபிஎம் வைத்துக் கொடுத்தது. ஆக, உழைத்து எழுதிய ப்ரோகிராம் மெஷினோடு சேர்ந்து சாகக் கூடாது என்பதுதான் எமுலேட்டர் பிறந்த காரணம். இதை நினைவில் வையுங்கள். கடைசியில் திரும்ப வரும்.

கேம் பாய்: ஒரு சிறு அறிமுகம்

நின்டெண்டோ நிறுவனம் 1989 ஏப்ரல் 21 அன்று ஜப்பானில் கேம் பாயை விற்பனைக்குக் கொண்டுவந்தது. குன்பெய் யொகோய் தலைமையில் இருந்த பிரிவு, சதோரு ஒகாடா போன்ற இன்ஜினீயர்களோடு சேர்ந்து உருவாக்கியது. யொகோயின் கொள்கை எளிமையானது: புத்தம் புது, விலை உயர்ந்த பார்ட்ஸ் வேண்டாம், நன்றாகப் பழகிய, மலிவான பார்ட்ஸை வைத்து புதுசாக யோசி. அதே 1989-ல் அடாரி நிறுவனம் கலர் திரையோடு லிங்க்ஸ் என்ற கருவியைக் கொண்டுவந்தது. அது ஆறு பென்சில் பேட்டரி கேட்டது. கேட்டதைச் சீக்கிரமே தின்றும் தீர்த்தது. கேம் பாய்க்கு நான்கே பேட்டரி. நிறமும் இல்லை, திரைக்குப் பின்னால் விளக்கும் இல்லை. ஆனால் ஜெயித்தது கேம் பாய்தான். 1998-ல் வந்த கேம் பாய் கலரையும் சேர்த்து 11 கோடியே 86 லட்சத்துக்கு மேல் விற்றது.

உள்ளே என்ன இருக்கிறது என்று பார்ப்போம்.

1. ப்ராசஸர்: ஷார்ப் நிறுவனம் செய்த 8 பிட் சிப். கிளாக் 4.194304 மெகாஹெர்ட்ஸ்.

2. வொர்க் ரேம் 8 கேபி, வீடியோ ரேம் 8 கேபி.

3. திரை: குறுக்கே 160, நெடுக்கே 144 புள்ளிகள். நான்கே நான்கு சாயல்.

4. ஒலி: நான்கு சேனல். இரண்டு சதுர அலை, ஒன்று நாமே வடிவம் கொடுக்கும் அலை, ஒன்று இரைச்சல்.

5. பொத்தான்கள்: மொத்தம் எட்டு.

கேம் தனியாக ஒரு கார்ட்ரிட்ஜில் வரும். நம்ம ஊரில் டிவி கேமுக்கு "கேசட்" என்று சொல்வோமே, அதே சங்கதிதான். அதனால் இங்கேயும் கேசட் என்றே சொல்கிறேன். டெட்ரிஸ் கேசட்டில் இருந்த மொத்த ப்ரோகிராமும் 32 கேபி. நாம் வாட்ஸ்அப்பில் அனுப்பும் ஒரு போட்டோ பெரும்பாலும் இதைவிடப் பெரியது!

நம்ம 8085-க்குச் சொந்தக்காரன்

இப்போது விஷயத்துக்கு வருவோம். கேம் பாயின் ப்ராசஸர் யாருக்குச் சொந்தம் தெரியுமா? நம்ம லேபில் கிட்டில் தட்டியிருப்போமே, அந்த 8085-க்கு! இரண்டுக்கும் பாட்டன் இன்டெலின் 8080. ரிஜிஸ்டர்கள் அதே ஏ, பி, சி, டி, ஈ, எச், எல். ஸ்டாக் பாயிண்டர், ப்ரோகிராம் கவுண்டர் எல்லாம் அதே. 8051 மட்டும் படித்தவர்களும் கவலைப்பட வேண்டாம். கீழே வருவது எளிதாகப் புரியும். (ஹெக்ஸ் எண்ணில் வரும் எழுத்துகளையும் தமிழிலேயே எழுதியிருக்கிறேன்: ஏ, பி, சி, டி, ஈ, எஃப்.)

5-ஐயும் 3-ஐயும் கூட்ட வேண்டும். 8085 கிட்டில் என்ன தட்டுவோம்?

3ஈ 05 – எம்விஐ ஏ, 05
06 03 – எம்விஐ பி, 03
80 – ஆட் பி

ஏ ரிஜிஸ்டரில் 08 வரும். இதே ஐந்து பைட்டையும் அப்படியே கேம் பாய்க்குக் கொடுத்தாலும் ஏ ரிஜிஸ்டரில் 08 தான் வரும்! ஒரு பைட்கூட மாற்ற வேண்டாம். நெமானிக்கின் பெயர்தான் அங்கே வேறு. எம்விஐ என்பதற்குப் பதில் லோடு என்று எழுதுவார்கள். அதே போல சி3 ஜம்ப், சிடி கால், சி9 ரிட்டர்ன், 00 நோ ஆபரேஷன் எல்லாம் இரண்டுக்கும் ஒன்றுதான்.

அப்படியானால் எல்லாம் ஒன்றா? அதுதான் இல்லை. விடையை 4150-ல் போட வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். 8085-ல் ஸ்டா 4150. அதாவது 32 50 41. இதைக் கேம் பாயில் ஓட்டினால் கதை கந்தல். அங்கே 32 என்பது ஒரு பைட் கட்டளை: "எச்எல் ஜோடி காட்டும் முகவரியில் ஏ-யைப் போடு, பிறகு எச்எல்-லில் ஒன்று குறை" என்று அர்த்தம். அடுத்த 50-ஐ முகவரி என்று எடுக்காமல் தனிக் கட்டளையாக எடுத்து, பி-யை டி-க்கு நகர்த்தும். அடுத்த 41, சி-யை பி-க்கு நகர்த்தும். விடை வேறு எங்கோ போய்விடும். டி-யும் பி-யும் கெட்டுவிடும். எரர் என்று ஒரு வார்த்தைகூட வராது!

இன்னொரு வேறுபாடும் சுவையானது. கேம் பாய் சிப்பில் சைன் ஃப்ளாக் இல்லை, பாரிட்டி ஃப்ளாக் இல்லை. ஃப்ளாகே இல்லாதபோது "பாரிட்டி ஈவனாக இருந்தால் தாவு" என்ற கட்டளைக்கு அங்கே என்ன வேலை? எனவே அந்தக் கட்டளைகளின் கோடுகளை எடுத்து வேறு வேலைக்குக் கொடுத்துவிட்டார்கள். 8085-ல் ஈஏ என்றால் ஜேபிஇ. கேம் பாயில் அது ஏ-யை நேரடியாக ஒரு முகவரியில் போடும் கட்டளை. அதாவது நம்ம ஸ்டா! வீடு மாறிப் போயிருக்கிறது, அவ்வளவுதான். இன், அவுட் கட்டளைகளும் கிடையாது. டி3, டிபி என்ற கோடுகளுக்கு அங்கே அர்த்தமே இல்லை. எல்லா இன்புட் அவுட்புட்டும் மெமரி மேப்டு முறைதான்.

எமுலேட்டர் எழுதுபவரின் வேலை இப்போது விளங்கியிருக்கும். ஒவ்வொரு கோடும் அந்தச் சிப்பில் என்ன செய்யுமோ, அதை மட்டும், அதை முழுவதும் செய்ய வேண்டும். கிட்டத்தட்ட சரி என்பதெல்லாம் இங்கே செல்லாது.

எமுலேட்டரின் இதயம்

பேனா பேப்பரில் ட்ரேஸ் போட்டு ப்ரோகிராம் ஓட்டிப் பார்த்திருக்கிறோம் அல்லவா? "ஏ-யில் இப்ப என்ன இருக்கு, பி-யில் என்ன இருக்கு" என்று கட்டம் போட்டு எழுதிக்கொண்டே போவோம். எமுலேட்டர் செய்வதும் அதே ட்ரேஸ்தான். பேப்பருக்குப் பதில் வேரியபிள். நமக்குப் பதில் கைபேசியின் ப்ராசஸர். அல்காரிதம் இது:

படி 1: ப்ரோகிராம் கவுண்டர் காட்டும் முகவரியிலிருந்து ஒரு பைட் எடு.
படி 2: ப்ரோகிராம் கவுண்டரில் ஒன்று கூட்டு.
படி 3: அந்தப் பைட் எந்தக் கட்டளை என்று பார். (சி மொழியில் 256 கேஸ் உள்ள ஒரு ஸ்விட்ச்.)
படி 4: ரிஜிஸ்டர், ஃப்ளாக், மெமரி வேரியபிள்களை அதற்கேற்ப மாற்று.
படி 5: அந்தக் கட்டளை உண்மையான சிப்பில் எத்தனை கிளாக் எடுக்குமோ அதைக் கணக்கில் சேர்.
படி 6: அதே அளவு கிளாக்குக்குத் திரை, டைமர், ஒலி மூன்றையும் முன்னே நகர்த்து.
படி 7: இன்டரப்ட் வந்திருக்கிறதா என்று பார்.
படி 8: படி 1-க்குப் போ.

ஃபெட்ச், டீகோட், எக்ஸிக்யூட் என்று போர்டில் எழுதிப் போட்டதை நோட்டில் காப்பி அடித்தோமே, அதே மூன்றுதான் இங்கே சி ப்ரோகிராமாக நிற்கிறது.

64 கேபிக்குள் ஓர் ஊர்

முகவரிக் கம்பிகள் 16. ஆகவே மொத்தம் 64 கேபி. அதை இப்படிப் பங்கு போட்டிருக்கிறார்கள். முதல் 32 கேபி, கேசட்டில் உள்ள ரோம். அடுத்த 8 கேபி, வீடியோ ரேம். அடுத்த 8 கேபி, கேசட்டுக்குள் ரேம் இருந்தால் அதற்கு. அடுத்த 8 கேபி, வொர்க் ரேம். கடைசி 8 கேபிக்குள் மற்றவை: நகரும் பொம்மைகளின் பட்டியல், இன்புட் அவுட்புட் ரிஜிஸ்டர்கள், ஒரு சின்ன அவசர ரேம்.

"கேசட்டுக்கு 32 கேபிதான் என்றால், 1996-ல் வந்த போகிமான் மாதிரி பெரிய கேம் எப்படி?" என்று கேட்பீர்கள். நல்ல கேள்வி. இதற்குத்தான் பேங்க் ஸ்விட்ச்சிங். பெரிய ரோமை 16 கேபி பேங்குகளாகப் பிரிப்பார்கள். 1 எம்பி ரோம் என்றால் 64 பேங்க். முதல் 16 கேபி எப்போதும் அப்படியே இருக்கும். இரண்டாவது 16 கேபி ஒரு ஜன்னல். அந்த ஜன்னலில் எந்த பேங்க் தெரிய வேண்டும் என்பதைக் கேசட்டுக்குள் இருக்கும் இன்னொரு சிப் முடிவு செய்யும். அந்தச் சிப்போடு பேசுவது எப்படி? ரோம் முகவரியில் எழுத வேண்டும்! "ரோமில் எழுத முடியாதே சார்" என்றுதானே படித்தோம்? சரிதான், ரோமில் எதுவும் பதியாது. ஆனால் எழுதும் முயற்சியைப் பார்த்த அந்தச் சிப், "ஓகோ, இவருக்கு இந்த பேங்க் வேணும் போல" என்று புரிந்துகொண்டு ஜன்னலை மாற்றும். எமுலேட்டரில் இது ஒரே ஒரு வேரியபிளை மாற்றுகிற வேலை.

பொத்தான்களும் நம்ம லேப் எக்ஸ்பெரிமென்ட் மாதிரியேதான். எட்டுப் பொத்தானும் நாலு நாலாக இரண்டு வரிசை மேட்ரிக்ஸ். எஃப்எஃப்00 முகவரியில் எழுதி ஒரு வரிசையைத் தேர்ந்தெடுத்து, அதே முகவரியைப் படித்தால் கீழ் நான்கு பிட்டில் விடை வரும். பிட் 0 ஆக இருந்தால் அமுக்கியிருக்கிறது. 1 ஆக இருந்தால் சும்மா இருக்கிறது. கைபேசியின் கண்ணாடியில் வரைந்த பொத்தானை நீங்கள் தொட்டவுடன் எமுலேட்டர் செய்வது, அந்தப் பிட்டை 0 ஆக்குவது மட்டும்தான்.

படம் எப்படி வருகிறது?

இங்கே ஒரு சின்னக் கணக்கு போடுவோம். 160 பெருக்கல் 144 புள்ளி, புள்ளிக்கு 2 பிட்: 46,080 பிட், அதாவது 5,760 பைட். ஒரு படத்துக்கு, அதாவது ஒரு ஃப்ரேமுக்கு, சிப்புக்குக் கிடைப்பது 70,224 கிளாக். நான்கு கிளாக் சேர்ந்தால் ஒரு மெஷின் சைக்கிள். எனவே 17,556 மெஷின் சைக்கிள். ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் முழுப் படத்தையும் ப்ராசஸரே வரைய வேண்டும் என்றால், ஒரு பைட்டுக்கு வெறும் மூன்று மெஷின் சைக்கிள்தான் கிடைக்கும். அதற்குள் எடுத்து வைக்கவே நேரம் போதாது. கேம் எப்போது ஓடுவது?

இதனால்தான் டைல் முறை. படத்தை 8-க்கு 8 புள்ளி உள்ள ஓடுகளாகப் பிரித்துவிட்டார்கள். திரையில் குறுக்கே 20, நெடுக்கே 18, ஆக 360 ஓடு. ஒரு ஓட்டுக்கு 16 பைட். "எந்த இடத்தில் எந்த ஓடு" என்ற பட்டியல் மட்டும் தனி. கோலம் போடுகிறவர்கள் ஓட்டை போட்ட அச்சு வைத்திருப்பார்களே, ஒரே அச்சை வாசல் முழுக்க வைத்துப் போகலாம், அந்த மாதிரி.

ஒரு வரிசைக்கு இரண்டு பைட். உதாரணமாக 18, 3சி என்று எடுத்துக்கொள்வோம். பைனரியில் எழுதினால்:

முதல் பைட்: 0 0 0 1 1 0 0 0
இரண்டாம் பைட்: 0 0 1 1 1 1 0 0

மேலிருந்து கீழாகச் சேர்த்துப் படியுங்கள். முதல் பைட் சின்ன பிட், இரண்டாவது பெரிய பிட். எட்டுப் புள்ளிகளின் சாயல்: 0, 0, 2, 3, 3, 2, 0, 0. நடுவில் கருப்பு, ஓரத்தில் சாம்பல், வெளியே வெளிச்சம். ஓர் உருண்டையின் விளிம்பு தெரிகிறதா?

பின்னணிப் பட்டியல் உண்மையில் 32-க்கு 32 ஓடு, திரையைவிடப் பெரியது. திரை அதன் மேல் வைத்த ஒரு ஜன்னல். ஸ்க்ரோல் ரிஜிஸ்டரில் ஒரு பைட்டை மாற்றினால் போதும், ஊரே நகரும். ஓடுகிற ஹீரோவும் வில்லனும் தனிப் பொம்மைகள்: மொத்தம் 40, ஒரே கோட்டில் அதிகபட்சம் 10. பதினொன்றாவது வந்தால் தெரியாது. பழைய கேம்களில் கூட்டம் கூடினால் பொம்மைகள் மின்னி மின்னி மறைவதற்கு இதுவும் ஒரு காரணம். நல்ல எமுலேட்டர் இந்தக் குறையையும் அப்படியே காட்டும். குறையையும் சேர்த்துக் காட்டினால்தான் அது அசல்.

நேரம்தான் எல்லாம்

திரையில் ஒரு கோடு வரைய 456 கிளாக். தெரியும் கோடு 144, தெரியாத கோடு 10, மொத்தம் 154. 154 பெருக்கல் 456 = 70,224. கிளாக்கை இதால் வகுத்தால் நொடிக்கு 59.73 படம். அந்தத் தெரியாத பத்துக் கோட்டு நேரத்தில்தான் கேம் தன் பட்டியல்களை மாற்றிக்கொள்ளும். நாடகத்தில் திரை விழுந்திருக்கும்போது செட் மாற்றுவது போல! சில கேம்கள் இன்னும் சாமர்த்தியமாக, பாதிப் படம் வரையும்போதே ஸ்க்ரோல் எண்ணை மாற்றி அலை அலையாகக் காட்டும். எமுலேட்டரின் கிளாக் கணக்கு பிசகினால் அங்கே படம் கிழிந்தது போல வரும்.

கைபேசியின் வேகம் இதற்குப் போதுமா? 2 கிகாஹெர்ட்ஸ் கைபேசி என்றால், கேம் பாயின் ஒரு கிளாக்குக்கு நம்மிடம் சுமார் 477 கிளாக் இருக்கிறது. தாராளம். 2001-ல் வந்த கேம் பாய் அட்வான்ஸ் 16.78 மெகாஹெர்ட்ஸ், அதற்குச் சுமார் 119. 2004-ல் வந்த நின்டெண்டோ டிஎஸ்ஸின் பெரிய ப்ராசஸர் சுமார் 67 மெகாஹெர்ட்ஸ், அதற்கு 30. அதே ஆண்டு வந்த சோனி பிஎஸ்பி அதிகபட்சம் 333 மெகாஹெர்ட்ஸ். அதற்கு வெறும் 6. ஆறு கிளாக்கில் எடுத்து, பிரித்து, செய்து முடிக்க முடியுமா? முடியாது.

அங்கே வேறு உத்தி. ஒவ்வொரு கட்டளையாகப் படித்துச் செய்யாமல், ஒரு கொத்துக் கட்டளைகளைக் கைபேசியின் சொந்த மொழிக்கு மாற்றி வைத்துக்கொண்டு, அதையே திரும்பத் திரும்ப ஓட்டுவது. இதற்கு ஜேஐடி என்று பெயர். 2012-ல் ஹென்ரிக் ரிட்கார்ட் வெளியிட்ட பிபிஎஸ்எஸ்பிபி என்ற எமுலேட்டர் இப்படித்தான் வேலை செய்கிறது. ஆப்பிள் நிறுவனம் பழைய கேம் எமுலேட்டர்களைத் தன் ஆப் ஸ்டோரில் அனுமதித்தது 2024 ஏப்ரலில்தான். டெல்டா அந்த மாதமே வந்தது. பிபிஎஸ்எஸ்பிபி மே மாதம் வந்தது, ஆனால் ஜேஐடி இல்லாமல். ஆண்ட்ராய்டில் இந்தத் தடை இல்லை.

சேவ் இரண்டு வகை

இதைத் தெரியாமல் பலர் பல நாள் ஆட்டத்தை இழக்கிறார்கள். முதல் வகை, கேமே செய்யும் சேவ். அசல் கேசட்டில் ஒரு சின்ன ரேமும் அதை உயிரோடு வைக்க ஒரு பட்டன் பேட்டரியும் இருக்கும். எமுலேட்டர் அந்த ரேமை ஒரு ஃபைலாக எழுதி வைக்கும். இரண்டாம் வகை, சேவ் ஸ்டேட். ரிஜிஸ்டர், ரேம், வீடியோ ரேம், டைமர் என்று மொத்தக் கருவியின் அந்த நொடி நிலையையும் அப்படியே போட்டோ எடுப்பது. இது அசல் கருவியில் இல்லாத வசதி. ஆனால் ஒரு எமுலேட்டரின் ஸ்டேட் இன்னொன்றில் பெரும்பாலும் திறக்காது. சில சமயம் அதே எமுலேட்டரின் அடுத்த வெர்ஷனில்கூடத் திறக்காது. எனவே ஸ்டேட்டை மட்டும் நம்பாமல், கேமுக்குள்ளும் சேவ் செய்யுங்கள். கைபேசி மாற்றும்போது முதல் வகை ஃபைலைக் காப்பி எடுத்து வையுங்கள்.

அசல் கேசட்டுகளின் நிலைமை என்ன? அந்தப் பட்டன் பேட்டரிகள் ஒவ்வொன்றாகத் தீர்ந்து வருகின்றன. 1999-ல் வந்த போகிமான் கோல்டு, சில்வர் கேசட்டுகளில் கடிகாரமும் அதே பேட்டரியில் ஓடியதால் இன்னும் சீக்கிரம் தீர்கிறது. பேட்டரி போனால் சேவும் போச்சு. யாரோ ஒருவர் பள்ளிக்கூட நாளில் ராத்திரி முழுக்க ஆடிச் சேர்த்ததெல்லாம் ஒரே நொடியில் பூஜ்யம்.

சட்டம் என்ன சொல்கிறது?

இதை மறைத்து எழுதுவது நியாயம் இல்லை. எமுலேட்டர் ஒன்று, கேமின் ரோம் ஃபைல் வேறொன்று. எமுலேட்டரை ஒருவர் சொந்தமாக எழுதுவது தவறல்ல. 2000-ல் சோனிக்கும் கனெக்டிக்ஸ் நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில், எமுலேட்டர் தயாரிப்பதற்காக அசல் மென்பொருளை ஆராய்ந்தது நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. ஆனால் எல்லை உண்டு. நின்டெண்டோ ஸ்விட்ச்சுக்கான யுஸு எமுலேட்டரை உருவாக்கியவர்கள் மீது 2024 பிப்ரவரியில் வழக்கு வந்தது. மார்ச்சில் 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு கடையைக் கட்டினார்கள்.

நம்ம நாட்டில் 1957-ம் ஆண்டின் காப்புரிமைச் சட்டம் 52-ம் பிரிவு, முறையாக வாங்கிய கம்ப்யூட்டர் ப்ரோகிராமுக்குப் பாதுகாப்பு நகல் எடுக்கவும், அது வேலை செய்யும் விதத்தைக் கவனித்துப் படிக்கவும் சோதிக்கவும், வணிகமல்லாத சொந்த உபயோகத்துக்கு நகல் வைக்கவும் இடம் தருகிறது. "படிக்கவும்" என்ற சொல்லைக் கவனியுங்கள். மாணவர்களுக்காகவே வைத்தது போல இருக்கிறது! ஆனால் திருட்டு நகல் என்று தெரிந்தே பயன்படுத்தினால் 63பி பிரிவின்படி தண்டனை உண்டு. ஊர் பேர் தெரியாத இடத்திலிருந்து இறக்கிய ரோம், "பழைய கேம்தானே" என்பதால் மட்டும் சுத்தமாகிவிடாது. இந்தியாவில் காப்புரிமைக் காலம் 60 ஆண்டு. 1989-ன் கேமுக்கு அது முடிய இன்னும் நாள் இருக்கிறது.

இதற்கு இன்னொரு பக்கமும் இருக்கிறது. அமெரிக்காவில் வெளியான பழைய கேம்களில் 87 சதவீதம் கடையில் வாங்கவே கிடைப்பதில்லை என்று 2023-ல் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் வெளியிட்ட ஆய்வு சொன்னது. நின்டெண்டோவே பழைய கேம் பாய் கேம்களை 3டிஎஸ் கருவியில் தன் சொந்த எமுலேட்டரில் விற்றது; 2023 மார்ச் 27-ல் அந்தக் கடையை மூடியது. விற்கவும் மாட்டார்கள், எடுக்கவும் கூடாது என்றால் அந்த ப்ரோகிராம்களைக் காப்பாற்றுவது யார்? சட்டத்தை மீறுங்கள் என்று இங்கே சொல்லவில்லை. இந்தக் கேள்விக்கு விடை தேட வேண்டிய தலைமுறை நாம்தான் என்று மட்டும் சொல்கிறேன்.

கைபேசியில் போடும் முன்

1. ஆப்பை அதிகாரபூர்வ ஸ்டோரிலிருந்தோ, உருவாக்கியவரின் சொந்த இடத்திலிருந்தோ மட்டும் எடுங்கள். ரெட்ரோஆர்ச், லெமுராய்டு, பிபிஎஸ்எஸ்பிபி போன்றவை இலவசம். சோர்ஸ் கோடும் திறந்தே இருக்கிறது.

2. எமுலேட்டருக்கு உங்கள் எஸ்எம்எஸ், கான்டாக்ட் எதற்கு? கேட்டால் உடனே தூக்கிப் போடுங்கள்.

3. கேம் பாய் ரோம் 32 கேபி முதல் அதிகபட்சம் 8 எம்பி வரைதான். "கேம் பாய் கேம்" என்று சொல்லி 80 எம்பி ஆப் ஒன்று வந்தால் அது கேம் இல்லை, வில்லங்கம்.

4. முறையாக இலவசமாகவே வெளியான புதிய கேம்கள் இருக்கின்றன. டோபு டோபு கேர்ள் ஓர் உதாரணம். ஜிபி ஸ்டூடியோ என்ற இலவச மென்பொருளில் நாமே கேம் செய்து நம்ம கைபேசியில் ஓட்டலாம்.

நாமே எழுதிப் பார்க்க

நேராகக் கேம் பாயில் குதிக்க வேண்டாம். முதலில் சிப்-8. ஆர்சிஏ நிறுவனத்தின் ஜோசப் வைஸ்பெக்கர் 1977-ல் காஸ்மாக் விஐபி கம்ப்யூட்டருக்காக உருவாக்கிய சின்னக் கட்டளைத் தொகுப்பு. கட்டளைகள் 35 தான். மெமரி 4 கேபி. திரை 64-க்கு 32 புள்ளி. சி தெரிந்தவர் ஒரு வார லீவில் முடித்துவிடலாம். அது ஓடிய பிறகு கேம் பாய் ப்ராசஸர், பிறகு திரை, பிறகு பொத்தான், கடைசியில் ஒலி. கருவியின் முழு விவரமும் பான் டாக்ஸ் என்ற இலவச ஆவணத்தில் இருக்கிறது. ஒவ்வொரு கட்டளையும் சரியா என்று சோதிக்கும் டெஸ்ட் ரோம்களும் இலவசம். ஃபைனல் இயர் ப்ராஜெக்டைக் காசு கொடுத்து வாங்கும் நண்பர்கள் இதையும் ஒருமுறை யோசிக்கலாம். வாங்கின ப்ராஜெக்டில் கேள்வி கேட்டால் முழிக்கத்தான் வேண்டும். இதில் நீங்களே மணிக்கணக்கில் பேசுவீர்கள்.

வைவா மூலை

கேள்வி: 32 50 41 என்ற பைட்டுகள் 8085-லும் கேம் பாயிலும் ஒரே வேலை செய்யுமா?
பதில்: செய்யாது. 8085-ல் ஒரே கட்டளை. கேம் பாயில் மூன்று கட்டளை.

கேள்வி: ரோம் முகவரியில் கேம் எழுதுவது ஏன்?
பதில்: பேங்க் மாற்ற.

கேள்வி: கேம் பாயில் முழுப் படத்தையும் ஒவ்வொரு ஃப்ரேமும் வரையாதது ஏன்?
பதில்: ஒரு பைட்டுக்கு மூன்று மெஷின் சைக்கிள்தான் கிடைக்கும். ஆகவே டைல்.

கேள்வி: பிஎஸ்பி எமுலேட்டருக்கு ஜேஐடி தேவை, கேம் பாய்க்குத் தேவையில்லை. ஏன்?
பதில்: 6-க்கும் 477-க்கும் உள்ள வித்தியாசம்.

நண்பர்களே, "இந்த 8085 எல்லாம் செத்துப்போன சிப், இதை எதுக்குப் படிக்கணும்?" என்று லேப் வாசலில் நாம் பேசாத நாள் இல்லை. அதன் சொந்தக்காரச் சிப் ஒன்று இன்றைக்கும் கோடிக்கணக்கான கைபேசிகளில் வேரியபிள்களாக ஓடிக்கொண்டிருக்கிறது. ஓட வைத்தவர்கள், ஒரு பழைய கருவியின் ஒவ்வொரு கட்டளையையும் ஒவ்வொரு கிளாக்கையும் பொறுமையாகப் படித்தவர்கள். 1964-ல் 1401 ப்ரோகிராம்களைக் காப்பாற்றியதும் அதே பொறுமைதான். கருவி பழசாகலாம், அதைப் புரிந்துகொண்ட படிப்பு பழசாவதில்லை.

எழுதிப் பாருங்கள். முதல் நாள் திரை வெறுமையாகத்தான் இருக்கும். ஒரு நாள் அதில் ஓர் ஓடு தெரியும். அன்றைக்கு வரும் சந்தோஷம் எந்த கேமை ஜெயித்தாலும் வராது. உங்கள் எமுலேட்டர் ஓடியதும், அடுத்த ஆண்டு மலருக்கு நீங்களும் ஒரு கட்டுரை எழுதுங்கள். படிக்கக் காத்திருக்கிறோம்.